தாய் நிறுவனத்துக்கு ஒரு கேள்வி

"இன்னும் கொஞ்சம் தூக்கு. நெத்தி மட்டும் தெரிஞ்சா போதுமா?" என்றாள் அம்மா.

மகள் அம்மாவின் முதுகுக்குப் பின்னால் இன்னொரு தலையணையைச் செருகி, லேப்டாப்பைப் புத்தகங்களின் மேல் ஏற்றி வைத்தாள். இப்போது முகம் முழுதாகத் திரையில் வந்தது. மூக்கில் இருந்த ஆக்சிஜன் குழாயைக் கழற்றிவிடச் சொன்னாள் அம்மா. மகள் மறுத்துவிட்டாள். சரி, இருந்துவிட்டுப் போகட்டும், கேள்வியை மூக்கால் கேட்கப் போவதில்லை என்று அம்மா விட்டுக்கொடுத்தாள்.

இதயம் களைத்துவிட்டது, இனி ஆஸ்பத்திரியில் செய்ய ஒன்றுமில்லை என்று சொல்லி டாக்டர் வீட்டுக்கு அனுப்பியிருந்தார். அதைக் கேட்டுவிட்டு அம்மா மகளிடம் விசாரித்தது, வருடாந்திரக் கூட்டம் என்றைக்கு என்பதைத்தான்.

அம்மா தொலைபேசி நிலையத்தில் ஆபரேட்டராக இருந்து ஓய்வு பெற்றவள். வேலையில் இருந்த காலத்தில் ஒரு கம்பெனியின் பங்குகளைக் கொஞ்சம் வாங்கி, கூட்டாக மகளின் பெயரையும் சேர்த்து வைத்திருந்தாள். பல கம்பெனிகளைத் தனக்குக் கீழே வைத்திருக்கும் தாய் நிறுவனம் அது. அதன் கூட்டத்தை அவள் ஒரு வருடம்கூடத் தவறவிட்டதில்லை. ஆண்டறிக்கையை வரி விடாமல் படித்துக்கொண்டு போய் முன்வரிசையில் உட்காருவாள். இயக்குநர் குழுவில் ஒருவர் எந்தக் கூட்டத்துக்கும் வராமலே பதவியில் நீடிக்கிறாரே, ஏன் என்று ஒரு முறை கேட்டாள். அடுத்த வருடம் மேடையில் அவருடைய நாற்காலியில் வேறொருவர் இருந்தார். தலைவர் அவளை 'ஆபரேட்டர் அம்மா' என்றுதான் கூப்பிடுவார். இன்றைக்கு யாருக்கு லைன் கொடுக்கப் போகிறீர்கள் என்று மைக்கில் கேட்டு அரங்கத்தைச் சிரிக்க வைப்பார். அம்மாவும் சிரிப்பாள். சிரித்து முடித்துவிட்டுக் கேள்வியைக் கேட்பாள்.

இந்த வருடம் கூட்டம் ஆன்லைனில், யார் வேண்டுமானாலும் பார்க்கலாம். அதில் ஒரு தீர்மானம் வந்திருந்தது. தாய் நிறுவனத்தின் கையில் இருந்த பம்பு தொழிற்சாலையைத் தலைவரின் மாப்பிள்ளை நடத்தும் கம்பெனிக்கு விற்பது. மகளுக்கு அந்தத் தொழிற்சாலையில்தான் வேலை. வெளியே போகும் பம்புகளை ஓட்டிப் பார்த்துச் சரி சொல்லும் பிரிவு அவள் பொறுப்பில் இருந்தது. கைமாறினால் பாதிப் பேரை வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள் என்று ஷெட் முழுக்கப் பேச்சு. போன வாரம் பர்சனல் மேனேஜர் அவளைக் கூப்பிட்டு உட்காரச் சொன்னார். அம்மாவின் உடம்பைப் பற்றி அக்கறையாக விசாரித்தார். இந்த வருடம் அவர்களை ஓய்வெடுத்துக்கொள்ளச் சொல்லலாமே என்றார். அதற்கு மேல் ஒன்றும் சொல்லவில்லை. சொல்ல வேண்டிய அவசியமும் இருக்கவில்லை.

மகள் இதை வந்து சொன்னபோது அம்மா பதறவில்லை.

"நீ கேமராவுக்கு வெளியே உக்காந்துக்கோ. கேக்கப் போறது நான்தானே. சாகப் போறவள அவங்க எந்த டிபார்ட்மெண்டுக்கு மாத்துவாங்க?"

சொந்தக்காரர்களுக்கு விற்கும்போது தலைவரின் குடும்பம் ஓட்டுப் போடக் கூடாது, மற்ற பங்குதாரர்கள்தான் முடிவு செய்ய வேண்டும் என்பது சட்டம். ஆனால் அந்த மற்றவர்களில் பாதிப் பேர் எதையும் படிக்காமல் ஆமாம் போட்டுவிடுவார்கள் என்பது அம்மாவுக்குத் தெரியும். அவர்கள் ஒரு நிமிடம் யோசித்தால் போதும் என்றாள்.

கூட்டம் தொடங்கியது. சின்னச் சின்னக் கட்டங்களில் இயக்குநர்கள் வரிசையாகத் தெரிந்தார்கள். தலைவர் வழக்கம்போல ஆபரேட்டர் அம்மாவை வரவேற்றார். அம்மா புன்னகைத்தாள்.

"வணக்கம் சார். பம்பு தொழிற்சாலைக்கு விலை மதிச்சுக் குடுத்தவங்கள யார் தேர்ந்தெடுத்தது? வெளியிலேர்ந்து வந்த இயக்குநர்கள் இதப் பத்தி..."

மூச்சு அங்கேயே நின்றது. உதடு அசைந்தது, சத்தம் வரவில்லை. கட்டில் ஓரத்தில் உட்கார்ந்திருந்த மகள் அம்மாவின் தோளைப் பிடித்தாள். கூட்டத்தை நடத்தும் இளைஞன், அம்மா உங்கள் குரல் கேட்கவில்லை, அடுத்த பங்குதாரரிடம் போகலாமா என்று பணிவாகக் கேட்டான். அம்மா மகளைப் பார்க்கவில்லை. திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

மகள் நகர்ந்து அம்மாவின் பக்கத்தில், கேமராவுக்கு நேராக உட்கார்ந்தாள்.

"நான் அவங்க மக. இந்தப் பங்குல என் பேரும் இருக்கு. மீதியை நான் கேக்கறேன்."

யாரும் குறுக்கிடவில்லை.

"வெளியிலேர்ந்து வந்த இயக்குநர்கள், தலைவர் இல்லாம தனியா உக்காந்து இந்த விற்பனையைப் பத்திப் பேசினீங்களா?"

தலைவர், எழுத்து மூலமாகப் பதில் அனுப்பச் சொல்வதாகச் சொன்னார்.

"எழுத்துல வேண்டாம் சார். ஓட்டுப் போடப் போறவங்க எல்லாரும் இப்ப இங்கதான் இருக்காங்க."

தன் குரல்தானா அது என்று அவளுக்கே தோன்றியது. போர்வைக்கு அடியில் அம்மாவின் விரல்கள் அவள் மணிக்கட்டைப் பிடித்திருந்தன. திரையின் கீழ்வரிசைக் கட்டம் ஒன்றில் மைக் திறந்தது. தணிக்கைக் குழுவின் தலைவி, நரைத்த முடியைக் குட்டையாக வெட்டியிருந்த அம்மையார், கண்ணாடியைக் கழற்றிவிட்டுப் பேசினார்.

"கூடல. கூடியிருக்கணும். அது எங்க தப்பு."

தலைவர் அவசரமாக அடுத்த பெயரைக் கூப்பிட்டார். ஆனால் அடுத்து வந்தவரும் அதையேதான் கேட்டார். அவருக்கு அடுத்தவரும்.

ஓட்டுப் போடும் பக்கம் திறந்ததும், பட்டனைத் தானே அழுத்துவேன் என்றாள் அம்மா. மகள் அவள் விரலைப் பிடித்துத் திரையருகே கொண்டுபோனாள். 'எதிர்ப்பு' என்ற இடத்தில் விரல் இரண்டு தரம் வழுக்கி, பிறகு சரியாக அமர்ந்தது.

தலையணையில் சாய்ந்த பிறகு அம்மா மெதுவாகச் சொன்னாள். "ரொம்ப வேகமா பேசற. கேள்வி கேட்டா, பதில் சொல்றவங்களுக்கு மூச்சுவிட நேரம் குடுக்கணும்."

"அடுத்த வருஷம் பாத்துக்கறேன்."

அம்மா தலையசைத்தாள். வெளிச்சம் கண்ணைக் கூசுகிறது என்றாள். மகள் எழுந்துபோய் ஜன்னல் திரையை இழுத்துவிட்டு வந்தாள். அம்மாவின் கை போர்வைக்கு வெளியே இருந்தது. அதை எடுத்து உள்ளே வைத்தாள். அப்போதுதான் அவளுக்குத் தெரிந்தது. பிறகு ஆக்சிஜன் இயந்திரத்தை நிறுத்தினாள். வாரக்கணக்கில் இரைந்துகொண்டிருந்த சத்தம் நின்றதும், மேல்வீட்டில் யாரோ பாத்திரம் கழுவுவது கேட்டது.

வெளியூரிலிருந்து மாமா வர வேண்டியிருந்ததால் மறுநாள் மத்தியானம்தான் எடுத்தார்கள். வந்ததிலிருந்து மாமா தன் அக்காவின் தலைமாட்டை விட்டு நகரவில்லை. நடுவில் அவருடைய போனில் ஒரு செய்தி வந்தது. படித்துவிட்டு மகளின் பக்கத்தில் வந்து குனிந்தார்.

"தீர்மானம் தோத்துடுச்சும்மா. தொழிற்சாலையை விக்க முடியாது."

அவள் தலையசைத்தாள். அம்மாவின் மேல் போர்த்தியிருந்த துணியில் ஒரு சுருக்கம் இருந்தது. அதை நீவிவிட்டாள்.

வண்டியில் ஏற்றும்போது தெருமுனையில் தொழிற்சாலையின் ஷிப்ட் பஸ் திரும்புவது தெரிந்தது. இந்தத் தெரு அதன் வழி இல்லை. எதிர்ச் சுவரை ஒட்டி வந்து நின்றது. எண்ணெய்க் கறை படிந்த சீருடையோடு ஆட்கள் இறங்கி, வரிசை மாதிரியும் இல்லாமல் கூட்டம் மாதிரியும் இல்லாமல் நின்றார்கள். அவளுடைய பிரிவின் ஃபோர்மேன் அக்கா மட்டும் கிட்டே வந்தாள். "கேன்டீன்ல எல்லாரும் கூட்டத்தைப் பாத்தோம்" என்றாள்.

மகள் வண்டியின் முன்சீட்டில் ஏறிக்கொண்டாள். தெருவைத் தாண்டி மெயின் ரோட்டுக்கு வந்ததும் டிரைவர் கண்ணாடியைப் பார்த்தார்.

"பின்னால வர்ற பஸ், நம்மகூடதானா?"

"ஆமா," என்றாள். "கொஞ்சம் மெதுவா போங்க."

நல்ல வெயிலில் பஸ் விளக்குகளைப் போட்டுக்கொண்டு வந்தது.