மோமோசே வீட்டுப் பிள்ளைக்கு என் நாயின் பேர்

1

முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன். இந்தக் கதை கற்பனை ஊற்றிலிருந்தெல்லாம் பெருக்கெடுக்கவில்லை. ஒரு டப்பா இனிப்பிலிருந்து வந்தது. பன்னிரண்டு உருண்டைகள், உள்ளே சிவப்புப் பயற்றுப் பூரணம். அதில் ஏழு உருண்டையை நான்தான் தின்றேன். மனசாட்சி உறுத்துகிற அளவுக்குத் தின்றால் எனக்கு எழுத்து வந்துவிடும்.

முதல் வரிக்காக நான்கு நாள் மண்டையை உடைத்துக்கொண்டேன். தேறியவை இவ்வளவுதான்:

மட்ஸுமோத்தோ நகரைச் சுற்றிலும் வெள்ளிமுடி தரித்த மலைகள்
(சுற்றுலாத் துறைக்காரன் எழுதின மாதிரி இருக்கிறது. தள்ளு.)

பெயர் என்பது மனிதன் மீது முதன்முதலாகப் பூசப்படுகிற
(என்னத்தைப் பூச? சுண்ணாம்பையா? தள்ளு.)

மோமோசே ஸான் எங்கள் வீட்டு மணியை அடித்தபோது என் நாய் அவருடைய இடதுகால் செருப்பை
(இது பரவாயில்லை. ஆனால் நாயை முதல் வரியிலேயே அவிழ்த்துவிட்டால் கதையைக் கவ்விக்கொண்டு ஓடிவிடும். அதன் குணம் அப்படி.)

சரி, தொடக்கம் இல்லாமலே தொடங்கிவிடுவோம். யார் கேட்கப் போகிறார்கள்?

2

நாயின் பேர் மினாத்தோ. ஜப்பானிய மொழியில் துறைமுகம் என்று அர்த்தம். உண்மையில் அது ஆண்பிள்ளைகளுக்கு வைக்கிற பேர். இப்போது நல்ல மவுசு.

மட்ஸுமோத்தோவில் துறைமுகம் கிடையாது. துறைமுகம் என்ன, கடலே கிடையாது. எந்தப் பக்கம் திரும்பினாலும் மலை வந்து மூக்கில் இடிக்கும். நானோ தூத்துக்குடிக்காரன். இருபத்திரண்டு வருஷமாக இங்கே உட்கார்ந்து அளவுக்கருவிக் கையேடுகளை மொழிபெயர்த்துப் பிழைக்கிறேன். ஒன்பது வருஷத்துக்கு முன் நாய் வாங்கியபோது, வீட்டுக்குள்ளாவது ஒரு துறைமுகம் இருக்கட்டுமே என்று அந்தப் பேரை வைத்தேன்.

செம்பட்டை நிற ஷிபா நாய். சொன்ன பேச்சைக் கேட்காது. உட்கார் என்றால் படுக்கும், வா என்றால் போகும். பேரைச் சொல்லிக் கத்தினால் மட்டும் எங்கே இருந்தாலும் காதை மடக்கிக்கொண்டு ஓடிவரும். அதனால் நாள் முழுக்கத் தெருவில் நின்று கத்துவதே எனக்கு வேலை. மினாத்தோ, குப்பையை விடு. மினாத்தோ, அது அவங்க வீட்டு முள்ளங்கி. மினாத்தோ, வெட்கமா இல்லையா உனக்கு.

[இந்தப் பத்தியை எழுதும்போது எனக்குச் சிரிப்பாக இருந்தது. இரண்டு பக்கம் தள்ளி இருக்காது. இப்போதே சொல்லிவைக்கிறேன்.]

3

பக்கத்து வீட்டு மோமோசே தாகாஃபுமிக்கு நாற்பத்துமூன்று வயது (ஸான் என்பது இங்கே பேரோடு சேர்க்கிற மரியாதை). பாலம் பழுதுபார்க்கிற வேலை. வெயிலில் கருத்த முகம், கடப்பாரை பிடித்த கை. குரல் மட்டும் நூலகத்தில் பேசுகிற குரல். அவர் மனைவி யூகினோவுக்கு, அவர் இனிப்பு டப்பாவோடு வந்த அன்றைக்கு எட்டு நாளைக்கு முன் ஆண் குழந்தை பிறந்திருந்தது.

எங்கள் தெருவில் ஒருவர் இனிப்பு டப்பாவோடு வந்தால் மூன்றே காரணம்தான். புதிதாகக் குடிவந்திருப்பார், அல்லது வீட்டை இடித்துக் கட்டப் போகிறார், அல்லது மன்னிப்புக் கேட்க வந்திருக்கிறார். மோமோசே ஸான் பதினோரு வருஷமாக அதே வீட்டில் இருக்கிறார். வீடும் நன்றாகத்தான் நிற்கிறது. எங்களுக்கு ஒரு தீங்கும் செய்ததில்லை.

உட்கார்ந்தார். இந்த வருஷம் பனி தாமதம் என்றார். ஊறுகாய்க்கு முள்ளங்கி நன்றாக விளைந்திருக்கிறது என்றார். அரைமணி நேரம் கழித்து நாயைப் பார்த்து, இவருக்கு இப்போது என்ன வயசு என்று கேட்டார். ஒன்பது என்றேன். நல்ல வயசு என்றார். உடம்பெல்லாம் எப்படி என்றார். கல்லுமாதிரி இருக்கிறான், இன்னும் ஆறேழு வருஷம் தாராளமாக ஓட்டுவான் என்றேன் பெருமையாக. அவர் முகம் ஒரு கணம் வாடி, உடனே நிமிர்ந்து, ரொம்ப சந்தோஷம் என்றார். குனிந்து வணங்கிவிட்டுக் கிளம்பிவிட்டார்.

நாயை விலைக்குக் கேட்க வந்தாரோ என்னவோ என்றேன். என் மனைவி சிஸாதோ என்னைப் பார்த்த பார்வையை மொழிபெயர்க்க எந்தக் கையேட்டிலும் சொல் இல்லை.

"ஒம்பது வருஷத்துல அவங்க ரெண்டு பேரும் இவனைப் பேர் சொல்லிக் கூப்பிட்டு நீ கேட்டிருக்கியா?" என்றாள்.

யோசித்தேன். இல்லை.

"ஏழாம் நாள் பேர் எழுதிச் சுவத்துல மாட்டணும். குழந்தை பாக்கப் போனப்ப பாத்தேன், சுவரு காலியா இருக்கு. பதினாலாம் நாளுக்குள்ள நகராட்சியில எழுதிக் குடுத்தாகணும். இங்க வந்து நாயோட வயசக் கேக்குறாரு. உனக்கு ஒண்ணுமே வெளங்கலையா?"

விளங்கவில்லை. அளவுக்கருவி என்றால் படம் போட்டு எண் கொடுத்திருப்பார்கள்.

[சிஸாதோ பற்றி ஒரு குறிப்பு. அவள் தமிழ் எழுத்துக் கற்றுக்கொண்டதே நான் அவளைப் பற்றி என்ன எழுதுகிறேன் என்று கண்காணிக்கத்தான். விரல் வைத்து ஒவ்வொரு எழுத்தாகப் படிப்பாள். கையெழுத்துப் பிரதியில் பென்சிலால் கிறுக்குவாள். அழித்தால் மறுபடி கிறுக்குவாள். ஆகவே அப்படியே விட்டிருக்கிறேன்.]

4

அவர்கள் பிள்ளைக்கு நினைத்திருப்பதும் மினாத்தோ என்கிற பேரைத்தான் என்று கடைசியில் சிஸாதோவே சொல்லவேண்டியிருந்தது. இந்த இடத்தில் எனக்கு மோமோசே ஸான் மேல் சந்தேகம் வந்துவிட்டது. ஒரு பாத்திரமாகச் சொல்கிறேன். மலைக்கு நடுவில் பிறந்தவர், நீந்தத் தெரியாதவர், படகில் ஏறினாலே வாந்தி எடுப்பவர். அவருக்கு எதற்குத் துறைமுகம்? வாசகர் நம்பவேண்டாமா? நானே அவருக்காக மூன்று காரணங்கள் எழுதிப் பார்த்தேன்.

ஒன்று, அவருடைய தாத்தா ஒரு மாலுமி. (தாத்தா கோதுமைக் கடை வைத்திருந்தார்.)

இரண்டு, பேரெழுத்தில் எத்தனை கோடு என்று எண்ணி இங்கே ராசி பார்ப்பார்கள்; அந்த எழுத்துக்கு ராசி அமோகம். (அவர் மாமியார் புத்தகம் வைத்து எண்ணிப் பார்த்தாராம். சுமார் ரகம்.)

மூன்று, அவர் ஒரு நாள் கடற்கரையில் நின்று அலைகளைப்
(போதும்.)

மறுநாள் காலை குப்பை போடுகிற இடத்தில் அவரைப் பிடித்தேன். இருபத்திரண்டு வருஷம் கற்றுக்கொண்ட நாகரிகத்தையெல்லாம் ஒரே நிமிஷத்தில் காற்றில் விட்டு, பிள்ளைக்கு மினாத்தோ என்று வைக்கப் போகிறீர்களா, ஏன் அந்தப் பேர் என்று நேராகக் கேட்டேன். அவர் தன் குப்பைப் பையின் முடிச்சை அவிழ்த்துத் திரும்பக் கட்டினார்.

"சிறகு, ஆகாசம், காத்துன்னு அழகழகா பேரு இருக்குங்க. எல்லாம் பறந்து போற பேரு," என்றார். "யூகினோவுக்குப் போறது வேண்டாம்னு இருந்துச்சு. வந்து சேர்ற எடம் மாதிரி ஒரு பேரு வேணும்னு சொன்னா."

மீதியை மெதுவாகச் சொன்னார். ஒன்பது வருஷத்துக்கு முன் முதல் குழந்தை உண்டானபோதே தேர்ந்தெடுத்த பேர். அவருடைய அப்பா தூரிகையில் எழுதிக்கூடக் கொடுத்துவிட்டார். அந்தக் குழந்தை வரவில்லை. அடுத்ததும் வரவில்லை. எழுதிய தாளைச் சுருட்டி அலமாரியில் வைத்துவிட்டார்கள். முதல் குழந்தை போன அந்த வருஷ வசந்தத்தில்தான் நான் நாய் வாங்கினேன்.

கணக்குப் போட்டுப் பார்த்தேன். ஒன்பது வருஷம், தினம் இருபது முப்பது தடவை, மதிலுக்கு இந்தப் பக்கம் நின்று அவர்கள் பிள்ளையின் பேரைச் சொல்லிக் கத்தியிருக்கிறேன். குப்பையை விடு, வெட்கமா இல்லையா என்று.

ஏன் ஒரு வார்த்தை சொல்லவில்லை என்று கேட்டேன்.

"அதுக்குள்ள வெச்சுட்டீங்களே. அவரும் பேர் சொன்னா டக்குனு திரும்ப ஆரம்பிச்சுட்டாரு," என்றார் மோமோசே ஸான், ஏதோ அவர்தான் தப்புச் செய்தவர்போல.

எனக்கு அழுகை வந்துவிட்டது. குப்பை வண்டிக்காரர் பார்த்துக்கொண்டிருந்தார், இருந்தும் வந்தது.

[அழுதான். மாடியிலிருந்து பார்த்தேன். சி.]

5

அன்றைக்கே நாயின் பேரை மாற்றிவிடுவது என்று முடிவெடுத்தேன்.

[பொய். மூன்று நாள் மாட்டேன் என்றான். நாய்தான் சீனியர் என்றான். சி.]

சரி, மூன்று நாள். ஒன்பது வருஷப் பழக்கம் லேசில் போகுமா? பன்னிரண்டாம் நாள்தான் மனசு வந்தது. புதுப் பேர் கோமா, அதாவது எள். அவித்த சர்க்கரைவள்ளிக் கிழங்கைக் கையில் வைத்துக்கொண்டு கோமா, கோமா என்று கொஞ்சினேன். நாய் கிழங்கைத் தின்றுவிட்டு, யாரப்பா அந்தக் கோமா என்பதுபோல் எனக்குப் பின்னால் எட்டிப் பார்த்தது. ஒன்றேகால் கிலோ கிழங்கு போயிற்று. கோமா வரவேயில்லை.

இருந்தாலும் நகராட்சிக்குப் போய் நாய்ப் பதிவேட்டில் பேரை மாற்றினேன். காரணம் என்ன என்று அங்கிருந்த பெண் கேட்டாள். பக்கத்து வீட்டில் குழந்தை பிறந்திருக்கிறது என்றேன். அவள் பேனாவை ஒரு முறை உதறிவிட்டு, "குடும்பக் காரணம்" என்று எழுதிக்கொண்டாள்.

பதின்மூன்றாம் நாள் நாங்கள் இனிப்பு டப்பாவோடு அவர்கள் வீட்டுக்குப் போனோம். இனி அந்தப் பேரை என் வாயால் சொல்லமாட்டேன், உங்கள் பிள்ளைக்கு நிம்மதியாக வையுங்கள் என்றேன். மோமோசே ஸான் பதறிப்போய்க் கையைத் தரையில் ஊன்றினார். நெற்றி தரையில் படக் குனிந்துவிட்டார். நானும் குனிந்தேன். யார் முதலில் தலையைத் தூக்குவது என்று தெரியாமல் இரண்டு பேரும் அப்படியே கிடந்தோம். அந்த நேரத்தில் நாய் ஒரு இனிப்பை முடித்துவிட்டது.

"அது அவரோட பேருங்க. ஒம்பது வருஷம் வெச்சிருந்ததப் பிடுங்கிட்டு எங்க புள்ளைக்குப் போட்டா நல்லா இருக்குமா? நாங்க வேற பாத்துக்கறோம்," என்றார்.

மாமியாரின் புத்தகத்தில் கோடு நன்றாக வருகிற பேர் ஒன்று இருக்கிறதாம். யூகினோ மடியில் கிடந்த குழந்தையின் கால்விரல்களை ஒவ்வொன்றாக நீவிக்கொண்டிருந்தாள். எனக்கு அவளைப் பார்க்கவே முடியவில்லை. நல்லது செய்யப் போய், இருந்ததையும் கெடுத்துவிட்டு வந்தேன்.

6

பதினாலாம் நாள், மாலை நான்கு மணி. மோமோசே ஸான் நகராட்சிக்குக் கிளம்பி நிற்கிறார். கார் பானெட்டின் மேல் படிவம். எல்லாக் கட்டமும் நிரம்பியிருக்க, பேருக்கான கட்டம் மட்டும் காலி. யூகினோ குழந்தையைக் கம்பளியில் சுற்றி வாசலில் நிற்கிறாள். நான் மதிலருகே நின்று துடைப்பத்தால் ஒரே இடத்தைப் பெருக்கிக்கொண்டிருக்கிறேன்.

அப்போது ஒரு ராட்சச லாரி அசுர வேகத்தில்

[மண்ணெண்ணெய் விற்கிற வண்டி. நடக்கிற வேகம். பாட்டுப் போட்டுக்கொண்டு வந்தது. சி.]

சரி, மண்ணெண்ணெய் வண்டி. ஆனால் அந்தப் பாட்டைக் கேட்டால் என் நாய்க்குப் பித்துப் பிடித்துவிடும் என்பதையும் அவளே எழுதியிருக்கலாம். போன வருஷம் அதன் பின்னாலேயே ஓடி நெடுஞ்சாலைக்குப் போய்விட்டது. ஒரு லாரிக்காரர் பிரேக் போட்டதால் இன்றைக்கு இந்தக் கதையில் நாய் இருக்கிறது.

கதவு இடுக்கில் நுழைந்து பாய்ந்தது. கோமா, கோமா என்று தொண்டை கிழியக் கத்தினேன். எதிர்வீட்டுக்காரர் ஜன்னலைத் திறந்து, எள் வேண்டாம் என்றார். நாய் தெருமுனையை நெருங்கிவிட்டது. வாயில் பழைய பேர் வந்து முட்டுகிறது. சொன்னால் பேனாவைத் திறந்து நிற்கிற மனுஷன் இன்னொரு பேரை எழுதிவிடுவார். சொல்லாவிட்டால் நாய் நெடுஞ்சாலைக்குப் போய்விடும்.

[இந்த இடத்தில் இரண்டு வாரம் எழுதாமல் கிடந்தேன். முடிவுகள் கைவசம் இருந்தன.

அ. நான் கூப்பிடுகிறேன். நாய் பிழைக்கிறது. பிள்ளைக்கு மாமியார் புத்தகத்துப் பேர்.

ஆ. நான் வாயை மூடிக்கொள்கிறேன். நாய் (இதை என்னால் எழுத முடியவில்லை.)

இ. கோமா என்றதும் நாய் திரும்புகிறது. (என் நாயைத் தெரிந்தவர்கள் சிரிப்பார்கள்.)]

நடந்தது வேறு. யூகினோ கூப்பிட்டாள்.

"மினாத்தோ..."

அவளிடம் அப்படி ஒரு குரல் இருக்கும் என்று எனக்குத் தெரியாது. மலை வரைக்கும் போயிருக்கும். நாய் நாலு காலையும் ஊன்றி நின்றது. திரும்பியது. காதை மடக்கிக்கொண்டு ஓடிவந்து, என்னைத் தாண்டிப் போய் அவள் காலடியில் உட்கார்ந்தது. நான் ஒன்பது வருஷம் சொல்லியும் உட்காராத நாய். அதே சமயம் குழந்தையும் விழித்துக்கொண்டு வீறிட்டது.

ஓடிப் போய் மன்னிப்புக் கேட்டேன். வேறென்ன தெரியும் எனக்கு? யூகினோவின் முகம் சிவந்துபோயிருந்தது. அழுகிறாளா சிரிக்கிறாளா என்று சொல்லமுடியவில்லை. இரண்டும்தான் என்று நினைக்கிறேன்.

"மன்னிப்பெல்லாம் வேண்டாங்க. நீங்க தினம் கூப்பிடறதக் கேப்பேன். ஒரு தடவையாவது நானும் இந்தப் பேர வாய்விட்டுக் கத்திக் கூப்பிடணும்னு அவ்வளவு ஆசையா இருக்கும் எனக்கு," என்றாள்.

மோமோசே ஸான் அவளைப் பார்த்தார். நாயைப் பார்த்தார். கம்பளிக்குள் கத்திக்கொண்டிருந்ததைப் பார்த்தார். பிறகு படிவத்தின் மேல் குனிந்து, நாக்கைத் துருத்திக்கொண்டு, பள்ளிக்கூடப் பையன் மாதிரி அந்தக் கட்டத்தை நிரப்பினார்.

7

என்ன எழுதினார் என்று எனக்குத் தெரியும். ஒரு கை தூரத்தில்தான் நின்றேன். ஆனால் சொல்லமாட்டேன். கதை எழுதிக்கொள்ளுங்கள், கட்டத்துக்குள் இருப்பது பிள்ளையின் சொத்து, பேச்சு வந்ததும் அவனே சொல்லிக்கொள்வான் என்று இரண்டு பேரும் கேட்டுக்கொண்டார்கள். நியாயம்தானே.

அதனால் நீங்களே முடித்துக்கொள்ளுங்கள். புத்தகத்தைக் கவிழ்த்துவைத்துவிட்டு எழுந்து வாசலுக்குப் போங்கள். யாராவது பார்த்தால் பார்க்கட்டும். கடைசி எழுத்தை நன்றாக இழுத்து, உங்கள் வீட்டுக்கு வந்து சேரவேண்டிய யாரையோ நினைத்துக்கொண்டு, அந்தப் பேரை ஒரே ஒரு தடவை கத்திக் கூப்பிடுங்கள். அப்புறம் கொஞ்சம் நில்லுங்கள், உடனே உள்ளே வந்துவிடாதீர்கள்.