மாப்பிள்ளை வீட்டு 2160

"சத்தம் வருதுல்ல, அப்பப் படம் எங்க போச்சு?"

"செத்த இருங்க அத்தை. இன்னொரு தடவ சொருவிப் பாக்குறேன்."

"எத்தனை தடவதான் சொருவுவ? டிவிக்குக் காது குத்துற மாதிரில்ல இருக்கு."

சண்முகப்பிரியா பென்டிரைவை உருவி, துப்பட்டாவில் துடைத்து, மறுபடியும் சொருகினாள். செந்துறைக்கு அவள் வாழ வந்து இன்னும் ஒரு மாதம்கூட ஆகவில்லை. மாமியார் உண்ணாமலை தலை சீவிப் பூ வைத்து, கல்யாணத்துக்கே கிளம்பியவள் போல டிவிக்கு முன்னால் உட்கார்ந்திருந்தாள். மாமனார் இளையபெருமாள் நாற்காலியில் இருந்தார். டிவியில் நாதஸ்வரம் ஒலித்தது, ஐயர் மந்திரம் சொன்னார், ஏதோ ஒரு குழந்தை அழுதது. திரை மட்டும் கறுப்பாகவே இருந்தது. கரண்ட் போன மண்டபத்தில் கல்யாணம் நடப்பது போல.

"கெட்டிமேளம், கெட்டிமேளம்!" என்று ஒரு குரல் கத்தியது. மேளம் முழங்கியது.

"கட்டிட்டான்," என்றாள் உண்ணாமலை, கறுப்புத் திரையைப் பார்த்தபடியே. "அன்னிக்கும் இதைத்தான் கேட்டேன். இன்னிக்கும் இதேதானா?"

அவர்கள் வகையறாவில், மாப்பிள்ளையைப் பெற்றவள் தாலி கட்டுவதைப் பார்க்கக் கூடாது. ஒரே மகன் தர்மராஜின் முகூர்த்த நேரத்தில் உண்ணாமலை மண்டபத்துச் சாமான் அறையில், தேங்காய் மூட்டைக்கும் வாழையிலைக் கட்டுக்கும் நடுவே உட்கார்ந்திருந்தாள். வீடியோவில் பார்க்கக் கூடாதென்று மட்டும் யாரும் சொல்லி வைக்கவில்லை. அந்தச் சிறிய ஓட்டையை நம்பித்தான் அவள் இத்தனை நாளாகக் காத்திருந்தாள். தர்மராஜோ லீவு முடிந்து ஓசூருக்கு வேலைக்குப் போய்விட்டான்.

"போன்ல வேணாப் போட்டுக் காட்டவா அத்தை?"

"தீப்பெட்டிக்குள்ள எம்மவனத் தேடச் சொல்றியா?"

பிரியா ஃபைலின் பெயரைப் படித்தாள். அவள் பெயருக்கும் அவன் பெயருக்கும் பின்னால் ஒரு வால் நீண்டிருந்தது: 2160p, x265, 10bit, 60fps, mkv.

"எங்க வூட்டுல குடுத்ததுல 1080, x264ன்னு போட்டிருந்துச்சே மாமா."

"போட்டிருக்கும். நாந்தான் அப்படிக் குடுக்கச் சொன்னேன்," என்றார் இளையபெருமாள், கொஞ்சம் நிமிர்ந்து. "ஸ்டூடியோவுல ரெண்டு விதமா வச்சிருந்தான். மாப்பிள்ளை வூட்டுக்கும் பொண்ணு வூட்டுக்கும் ஒரே நம்பரா? நமக்குப் பெருசக் குடுன்னேன். உங்க டிவியில ஓடுமா சார்னு கேட்டான். நாப்பது இஞ்சுடா தம்பின்னேன்."

பிரியா உதட்டைக் கடித்துக்கொண்டு, பெரம்பலூர் ஸ்டூடியோக்காரன் பிரேமுக்குப் போன் போட்டாள். வெகு நேரம் 'ம்' கொட்டினாள். பிறகு வந்து மாமியார் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"இந்த 2160 இருக்குல்ல அத்தை, அது படத்துல மேலேருந்து கீழ வரைக்கும் எத்தனை வரிசை புள்ளிங்கற கணக்கு. நம்ம கொல்லையில கடலை வரிசை மாதிரி."

"கூட இருந்தா நல்லதுதான?" என்றார் மாமனார்.

"நல்லதுதான் மாமா. ஆனா சிக்கல் இந்த x265ல. அது படத்தை மடிச்சுக் கட்டுற விதமாம். எடம் அடைக்கக் கூடாதுன்னு மடிச்சு வைப்பாங்க. 264 பழைய மடிப்பு, 265 புது மடிப்பு. நம்ம டிவி வாங்கிப் பத்து வருசத்துக்கு மேல ஆச்சு. அதுக்குப் பழைய மடிப்பைத்தான் பிரிக்கத் தெரியும்."

"சத்தத்த மட்டும் எப்படிப் பிரிச்சுது?"

"mkvங்கறது வெறும் பெட்டி. உள்ள படம் தனி மூட்டை, சத்தம் தனி மூட்டை. சத்த மூட்டை இதுக்குப் பழக்கமானது."

"அந்தப் பத்து?"

"அது நெறம். செவப்புன்னா அதுல எத்தனை விதமான செவப்புன்னு."

"உங் கூரப்பொடவையிலேயே மூணு செவப்பு இருக்கு. நாந்தான எடுத்தேன்," என்றாள் உண்ணாமலை. "அறுபது?"

"ஒரு நொடிக்கு அறுபது போட்டோ ஓடும் அத்தை."

"ஆத்தாடி, அறுபதா! எனக்கு ஒண்ணு போதும்டி."

இந்த டிவியில் ஓடக்கூடிய அந்த ஒன்று குரும்பலூரில், பிரியாவின் பிறந்த வீட்டில் இருந்தது. வேறு கல்யாணங்களுக்கு இடம் வேண்டுமென்று பிரேம் தன் கம்ப்யூட்டரிலிருந்து எல்லாவற்றையும் அழித்துவிட்டிருந்தான்.

"சம்பந்தி பக்கத்துல நிக்கிறப்பதான பெருசு கேட்டேன்," என்றார் இளையபெருமாள். "இப்பப் போயி, உங்க சின்னதக் குடுங்கன்னு எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டுக் கேக்குறது?"

உண்ணாமலை தலையிலிருந்த பூவை எடுத்து, வாடாமல் இருக்க ஈரத்துணியில் சுற்றி வைத்தாள். அவர் அதைப் பார்த்துக்கொண்டே இருந்தார்.

மறுநாள் காலை வெள்ளை வேட்டி கட்டி, பென்டிரைவைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு அரியலூர் பஸ் ஏறினார். அங்கிருந்து பெரம்பலூர், அப்புறம் குரும்பலூர். மூன்று பஸ்ஸிலும் என்ன சொல்வதென்று யோசித்திருப்பார் போல. மதியம் பிரியாவின் அப்பா ராஜவேலிடமிருந்து போன் வந்தது.

"பாப்பா, ஒம் மாமனாரு மனசு யாருக்கும் வராதும்மா! பெருசு பொண்ணப் பெத்தவங்ககிட்டதான் இருக்கணும்னு கொண்டாந்து குடுத்துட்டு, எங்க சின்னத வாங்கிட்டுப் போறாரு. புது டிவியில போட்டுப் பாத்தோம். என்னா தெளிவு! அவரு மீசைய முடி முடியா எண்ணலாம்."

"ஆமாப்பா, அவரு அப்படித்தான்," என்று சொல்லிவிட்டு, பிரியா சமையலறைக்குள் ஓடிப்போய்ச் சிரித்தாள்.

சாயங்காலம் பென்டிரைவைச் சொருகியதும் திரை வெளிச்சமானது. மண்டபம் தெரிந்தது. உண்ணாமலை முட்டிபோட்டு நகர்ந்து டிவிக்குக் கிட்டே போனாள். அட்சதைத் தட்டு சுற்றி வந்தது. தர்மராஜ் தாலியை எடுத்துக் குனிந்தான். மேளம் கொட்டியது. முதல் முடிச்சைப் போடும்போது அவன் உதடு பிரியாவின் காதருகே லேசாக அசைந்தது. குனிந்த தலையோடு இருந்த மணப்பெண் களுக்கென்று சிரித்து, மாலைக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டாள்.

"நிறுத்து, நிறுத்து!"

பிரியா ரிமோட்டை அழுத்தினாள். பின்னால் போய் மறுபடியும் பார்த்தார்கள். மறுபடியும் உதடு அசைந்தது, மறுபடியும் சிரிப்பு. மேளத்தில் ஒன்றும் கேட்கவில்லை. உண்ணாமலை புடவைத் தலைப்பால் கண்ணைத் துடைத்துக்கொண்டு புருஷன் பக்கம் திரும்பினாள்.

"நீங்க செத்த வாசப்பக்கம் போங்க."

அவர் போகும்வரை காத்திருந்தாள். பிறகு மருமகளின் கையைப் பிடித்து இழுத்து, தன் பக்கத்தில் உட்கார வைத்தாள்.

"அவன் ஒங் காதுல என்னடி சொன்னான்? எங்கிட்ட மட்டும் சொல்லேன்."