ஓம்பு துமாவின் பெயர்

லம்ரியாவுக்கு இரண்டு பெண் குழந்தைகள். மூன்றாவது வேண்டாம் என்று அவள் முடிவு செய்து வெகுகாலம் ஆகிவிட்டது. கணவன் பார்லினும் ஒத்துக்கொண்டான். ஆனால் அவன் ஒத்துக்கொள்வதெல்லாம் படுக்கையறைக்குள் மட்டும்தான். வாசலில் அம்மாவின் செருப்புச் சத்தம் கேட்டதோ இல்லையோ, ஆசாமி கோழிக்கூண்டைச் சரிசெய்யக் கிளம்பிவிடுவான். அந்தக் கூண்டைப் போல உறுதியான கூண்டு பாலிகே ஊரிலேயே கிடையாது.

மாமியாரை ஊர் ஓம்பு துமா என்று கூப்பிட்டது. லம்ரியாவின் மூத்த மகள் துமாவின் பாட்டி என்று அர்த்தம். இந்தோனேசியாவின் இந்தத் தோபா ஏரிக்கரையில் மூத்த பேரக்குழந்தை பிறந்ததுமே பெரியவர்களின் சொந்தப் பெயர் பெட்டிக்குள் போய்விடும். பெற்றவளுக்கும் அதே கதைதான். லம்ரியா சந்தையில் மாக் துமா, அதாவது துமாவின் அம்மா.

ஓம்பு துமா எட்டுப் பிள்ளை பெற்றவர். அவர் காலத்தில் ஒவ்வொரு பிள்ளையும் வயலுக்கு இரண்டு கை. இப்போது அந்த வயல் எட்டாகப் பிரிந்து, பார்லினின் பங்கில் ஓர் எருமை புரண்டு படுக்க இடம் போதாது. வீட்டில் அடுப்பெரிவது சந்தை வாசலில் லம்ரியா போட்டிருக்கும் நூடுல்ஸ் கடையால்தான். இளையவள் ரிரிஸ் பிறந்தபோது ஒரு வருஷம் கடையை மூடினாள். எதிர்க்கடைக்குப் போன வாடிக்கைக்காரர்களில் பாதிப் பேர் திரும்பவே இல்லை. இன்னொரு தடவை மூடினால் கடை அவ்வளவுதான். துமாவை மேடான் நகரத்தில் படிக்க வைக்கும் ஆசையும் அதோடு போய்விடும்.

ஆனால் குலப்பெயர் மகன் வழியாகத்தானே இறங்கும்? ஒரு ஞாயிற்றுக்கிழமை சர்ச்சிலிருந்து வந்த வேகத்தில் மாமியார் சொல்லிவிட்டார்.

"வர்ற சனிக்கிழமை உன் பொறந்த வீட்டுக்காரங்க மீனோட வரட்டும். உன் தம்பி வாயால 'மகன் பொறக்கட்டும்'னு ஒரு வார்த்தை விழுந்துட்டா எல்லாம் சரியாயிடும்."

இங்கேதான் வேடிக்கை. எட்டுப் பெற்றவரானாலும் இந்த விஷயத்தில் மாமியாருக்கு வாழ்த்தும் உரிமை கிடையாது. பாத்தாக் மக்களின் வழக்கப்படி அது மருமகளின் பிறந்த வீட்டுக்குத்தான் சொந்தம். அவர்கள் முழுக் கெண்டை மீனை மஞ்சள் குழம்பில் வேகவைத்துக் கொண்டுவந்து, தம்பதியின் தோளில் ஊலோஸ் என்ற சடங்குத் துணியைப் போர்த்தி வாழ்த்த வேண்டும். கூடியிருக்கும் சொந்தங்கள் "அப்படியே ஆகட்டும்!" என்று ஒரே குரலில் சொல்லிவிட்டால், பிறகு தப்பிக்கவே முடியாது. வயிறு எப்போது பெருக்கும் என்று தெருவே கேட்கும்.

லம்ரியாவுக்கு அப்பா இல்லை. வாழ்த்த வேண்டியவன் தம்பி ஜொங்கி. மினி பஸ் ஓட்டுகிறவன். ஸ்டாண்டுக்கே போய் அவனைப் பிடித்தாள்.

"டேய், மீனைக் கொண்டா, துணியைப் போர்த்து, நல்லா சாப்பிட்டுட்டுப் போ. மகன்னு மட்டும் வாயைத் தொறந்தே, என் கடையில உனக்கு இனிமே பச்சத்தண்ணி கிடையாது."

"ஏன்க்கா என்னைக் கொல்ற? அந்தம்மா பாக்குற பார்வையிலயே என் வண்டி பஞ்சராயிடும். மகன்னு சொல்லலேன்னா மீனோட சேத்து என்னையும் ஏரியில போட்டுடும்."

"உனக்குத்தான் அஞ்சு இருக்கே. சௌகரியமா இருக்கியா?"

"சௌகரியமா? போன வாரம் ஒருத்தனைப் பள்ளிக்கூடத்துலயே மறந்துட்டு வந்துட்டேன். சோறு போடும்போதுதான் தெரிஞ்சுது, ஒரு தட்டு மிஞ்சிக் கெடக்கு."

லம்ரியாவால் சிரிக்காமல் இருக்க முடியவில்லை. ஜொங்கி நல்லவன்தான், ஆனால் பயந்தாங்கொள்ளி. அந்த இரண்டும் சேர்ந்தவனை நம்பி எதையும் ஒப்படைக்க முடியாது.

சனிக்கிழமை வந்தது. வீடு முழுக்கப் பாய் விரித்துச் சொந்தங்கள் உட்கார்ந்திருந்தார்கள். தட்டில் மூன்று கெண்டைகள், செதில் கூட எடுக்காமல், தலைகள் தம்பதியைப் பார்க்க வரிசையாகக் கிடந்தன. ஜொங்கி இருவர் தோளையும் சேர்த்துத் துணியைப் போர்த்தினான். நெற்றியில் வியர்வை ஓடியது. லம்ரியா அவனை முறைத்தாள். எதிரே உட்கார்ந்திருந்த மாமியாரும் முறைத்தார். அவன் கண்ணை மீன் மேல் வைத்துக்கொண்டான்.

"பெரியவங்களே, சொந்தங்களே! எங்கக்காவும் மச்சானும் நல்லா இருக்கணும். அடுத்த வருஷம் இதே பாயில..." துணியின் நுனியை இழுத்துவிட்டான். "இதே பாயில தோகார்னு ஒரு ஆம்பளைப் பய தவழணும்!"

பாவி, விற்றுவிட்டான். மாமியார் முகம் மலர்ந்தது. "அப்படியே ஆகட்டும்" சொல்ல எல்லாரும் வாயைத் திறந்தார்கள். ஜொங்கி விடவில்லை. குரலை இன்னும் உயர்த்தினான்.

"அப்ப ஊரே நம்ம பெரியம்மாவை 'ஓம்பு தோகார்! ஓம்பு தோகார்!'னு கூப்பிடணும்!"

திறந்த வாய்கள் அப்படியே நின்றன.

"எவன்டா தோகார்?" மாமியார் முழங்காலில் எழுந்துவிட்டார். "எவனுக்கு நான் பாட்டி? ஒம்பது வருஷமா நான் ஓம்பு துமா. சர்ச்சுல ஓம்பு துமா. சந்தையில ஓம்பு துமா. சீட்டுக் கட்டுற எடத்துல ஓம்பு துமா. நாளைக்குக் கல்லறையிலயும் அதைத்தான் எழுதுவாங்க. என் பேரை மாத்த நீ யாருடா, மினி பஸ்ஸு?"

"இல்லீங்கம்மா... ஆம்பளைப் புள்ள பேருன்னா ஒரு பெருமையா இருக்குமேன்னு..."

"மூத்தது எதுவோ அது பேருதான் எனக்குப் பேரு! பொண்ணு பேருன்னா என்ன கொறச்சல்? சொல்லு, என்ன கொறச்சல்?"

லம்ரியாதான் பதில் சொன்னாள்.

"ஒரு கொறச்சலும் இல்ல, அத்தை."

மூலையில் வெற்றிலை மென்றுகொண்டிருந்த பெரியவர் முதலில் சிரித்தார். பிறகு வீடே சிரித்தது. தான் என்ன சொல்லிவிட்டோம் என்பது மாமியாருக்கு அப்போதுதான் உறைத்தது. இத்தனை பேர் முன்னால் சொன்னதை விழுங்கவா முடியும்? தோள்துணியை இழுத்துவிட்டுக்கொண்டு உட்கார்ந்தார்.

"என்ன மொறைச்சுப் பாக்குற? வாழ்த்தைச் சரியாச் சொல்லி முடி. மீன் ஆறுது."

ஜொங்கிக்கு உயிர் வந்தது. "ஓம்பு துமாங்கற பேரு நூறு வருஷம் இந்த ஏரிக்கரையில கேக்கணும்! மாக் துமா கடையில அடுப்பு அணையாம எரியணும்!"

"அப்படியே ஆகட்டும்!" என்று கூரை அதிர்ந்தது. அதில் எல்லாருக்கும் மேலே கேட்டது பார்லினின் குரல். அம்மா முன்னால் அவன் வாயைத் திறந்ததை அன்றுதான் லம்ரியா பார்த்தாள்.

வழியனுப்பும்போது பஸ்ஸின் ஜன்னலைப் பிடித்துக்கொண்டு கேட்டாள். "தெரியாமச் சொன்னியா, தெரிஞ்சேதான் சொன்னியா?"

"வண்டி பள்ளத்துல எறங்கும்போது தானா கால் பிரேக்குக்குப் போவும்க்கா. யோசிச்சா மிதிப்பாங்க? நாளைக்கு நூடுல்ஸ்ல ரெண்டு முட்டை போடு."

திங்கட்கிழமை காலை, கூப்பிடாமலே மாமியார் கடைக்கு வந்தார். நேராகக் கீரையை அலச உட்கார்ந்தார். பக்கத்து மீன்காரி எட்டிப் பார்த்தாள்.

"மீன் விருந்தெல்லாம் ஆச்சாமே, மாக் துமா? மகன் எப்ப?"

லம்ரியா வாயைத் திறப்பதற்குள் கீரைச் சட்டியிலிருந்து பதில் வந்தது.

"மாக் துமான்னு வாய் நெறையக் கூப்பிட்டியே, அதுல எந்த எழுத்து கொறையுது?" பிறகு மருமகள் பக்கம் திரும்பினார். "நீ என்ன வேடிக்கை பாக்குற? அடுப்பைக் கவனி. எம் பேருக்காரி மேடான்ல படிக்க வேணாமா?"