சைமியின் உருகும் வழக்கு

சைமி காங்கஸ் மூன்று வருடமாக வழக்கு நடத்தினாள். எதிராளி ஊராட்சி மன்றம். அதாவது அவளுடைய நாத்தனார் ஹில்யா. தலைவி நாற்காலியில் உட்கார்ந்ததும் ஹில்யா போட்ட முதல் விதி, உறைந்த ஏரியின் மேல் அடுப்பு வைத்த குடில் எதுவும் நிற்கக் கூடாது என்பது. ஊரை ஒட்டிய பைக் ஏரி முழுக்கத் தேடினாலும் அப்படி ஒரே ஒரு குடில்தான் இருந்தது. டிசம்பர் பிறந்ததும் சறுக்குக் கட்டைகளில் ஏற்றிப் பனிக்கட்டி மேல் இழுத்துப்போய் நிறுத்தும் சைமியின் சவுனா. உள்ளே கல்லைச் சுடவைத்து, தண்ணீர் ஊற்றி, ஆவியில் நன்றாக வெந்து, பக்கத்தில் வெட்டிய துளையில் முங்கி எழுவாள்.

விதியைக்கூடப் பொறுத்திருப்பாள். அன்றைய கூட்டத்தில் ஹில்யா சொன்ன ஒரு வாக்கியம்தான் நெஞ்சில் தைத்தது: "எங்க அண்ணிக்கு அறுபது வயசுல கூறு கெட்டுப்போச்சு." எழுத்தர் அதையும் நடவடிக்கைப் புத்தகத்தில் சிரத்தையாக எழுதிவைத்தார். புத்தகத்தில் ஏறியதற்குத் தாளில்தான் பதில் என்று சைமி முடிவுகட்டினாள். அவள் பக்கம்தான் நியாயம் என்று நீதிபதி கையெழுத்துப் போட்ட ஒரு தாள். வேறெதுவும் வேண்டாம்.

முதல் வருடம் விசாரணை வந்தபோது ஏப்ரல் கடைசி. ஏரியில் வாத்து நீந்திக்கொண்டிருந்தது. குடில் கரையேறிவிட்டது, இனித் தடுக்கவும் எதுவுமில்லை, தீர்ப்புச் சொல்லவும் எதுவுமில்லை என்று நீதிபதி வழக்குக் கட்டை மூடினார். அடுத்த வருடம் ஜனவரியிலேயே மனு போட்டாள். மன்றத்து வக்கீல் இரண்டு வாய்தா வாங்கினார், மார்ச்சில் வெயில் கொளுத்தியது, கதை முடிந்தது. வானிலையும் நாத்தனார் கட்சிதான் என்று சைமி பொருமினாள்.

மூன்றாம் வருடமும் பனி உருகிய பிறகு, மே மாதம்தான் விசாரணை வாய்த்தது. ஆனால் இந்த முறை சைமி ஒரு மீன்பெட்டியோடு போனாள். அவளுடைய வக்கீல் டோரன் வாசலிலேயே கெஞ்சிப் பார்த்தார். அவள் கேட்கவில்லை. நீதிபதி முன்னால் மூடியைத் திறந்து, மரத்தூளுக்குள் பத்திரப்படுத்தியிருந்த ஏரிப் பனிக்கட்டியை எடுத்து மேசைமேல் வைத்தாள்.

"ஏரி வருஷா வருஷம் உறையும். இவங்க வருஷா வருஷம் தடுப்பாங்க. நீங்க வருஷா வருஷம் உருகிடுச்சும்பீங்க. நான் எந்தக் காலத்துல ஐயா ஜெயிக்கறது?"

நீதிபதி தன் காகிதங்களை நோக்கி ஓடிவரும் தண்ணீரைப் பார்த்தார். அவள் சொல்வதில் நியாயம் இருக்கிறது, இந்த வழக்கு இனிப் பனியோடு சாகாது என்றார். ஜனவரி இரண்டாம் செவ்வாய் தீர்ப்பு என்று நாள் குறித்தார். சைமி ஊர் முழுக்கச் சொல்லி வைத்தாள். மரச்சட்டம் போட்ட படம்கூட ஒன்று வாங்கினாள், படத்தை எடுத்துவிட்டுத் தாளை மாட்டுவதற்காக.

அந்தச் செவ்வாய்க்கு முந்திய திங்கள்கிழமை மன்றம் கூடியது. ஏழே நிமிடத்தில் விதியை ரத்துசெய்து, இனிக் கொண்டுவரவே மாட்டோம் என்று சத்தியமும் செய்து கலைந்தது. கேட்டதுதான் கிடைத்துவிட்டதே, இனித் தீர்ப்பு எதற்கு என்று மறுநாள் நீதிபதி கையை விரித்துவிட்டார்.

"ஜெயிச்சுட்டீங்கம்மா," என்று டோரன் கைகொடுத்தார்.

"ஜெயிச்ச தாள் எங்க?"

தாள் இல்லை. சைமி வண்டிக்குள் உட்கார்ந்து அழுதாள்.

சனிக்கிழமை குடிலை ஏரிக்கு இழுத்துப்போய் அடுப்பை மூட்டினாள். கல் சூடேறிய நேரம் கதவு திறந்தது. துண்டைச் சுற்றிக்கொண்டு ஹில்யா நேரே உள்ளே வந்தாள். சைமி வாயைத் திறப்பதற்குள் பலகைமேல் ஏறி உட்கார்ந்துவிட்டாள்.

"முட்டி ரெண்டும் மடங்க மாட்டேங்குது அண்ணி. டாக்டர் சூடு பிடிக்கச் சொல்றாரு. கேஸ் நடக்கறப்ப எப்படி இங்க வர்றது?"

விதி ஏன் போனது என்று சைமிக்கு அப்போதுதான் புரிந்தது. மூன்று வருடத்து ஏச்செல்லாம் தொண்டைக்கு வந்தது. ஆனால் சவுனாவுக்குள் சண்டை போடக் கூடாது, பொய்யும் பேசக் கூடாது. அவர்கள் சனத்தில் எப்பேர்ப்பட்ட ரவுடியும் அதை மீறியதில்லை. கள்ளி, தெரிந்துதான் வாசலில் நிற்காமல் உள்ளே வந்திருக்கிறாள். சைமியால் முடிந்தது கல்லில் தண்ணீர் ஊற்றுவது மட்டும்தான். ஒரு கரண்டி. இரண்டு. மூன்று. நாலாவதில் ஹில்யாவின் முகம் பீட்ரூட் ஆகிவிட்டது.

"அந்த விதி தப்பு அண்ணி. போட்ட அன்னிக்கே தெரியும். உங்களைச் சொன்னதும் தப்பு."

சைமியின் கை நின்றது. கையெழுத்து இல்லை, சாட்சி இல்லை, மாட்டி வைக்கத் தாளும் இல்லை. இருந்தும் உள்ளே ஏதோ இளகிக் கண்ணில் வந்து நின்றது.

"இதை வெளிய வந்து சொல்லுவியா?"

"வெளிய குளிரும்," என்று ஹில்யா நகர்ந்து இடம் விட்டாள்.

சைமி பக்கத்தில் உட்கார்ந்தாள். பிறகு எட்டி இன்னொரு கரண்டி ஊற்றினாள். முந்திய நாலும் வழக்குக்கு; இது முட்டிக்கு.