வாபஸ் வாங்கிய விதி

அலுவலகத்தில் அவளுக்குக் ‘கட்டம்’ என்று பட்டப்பெயர். இணையப் பக்கத்தில் படங்களையும் எழுத்தையும் கட்டம் கட்டமாக அடுக்க அவள் ஒரு விதி எழுதியிருந்தாள். அது அவர்கள் நிறுவனத்தின் பிரவுசருக்கு மட்டும்தான் புரியும். போட்டி நிறுவனத்தில் ‘நெட்டை’ என்று எல்லாரும் கூப்பிடும் ஒருவர் வேறொரு விதி எழுதியிருந்தார். எதைப் பொது விதியாக ஏற்பது என்று, எல்லா பிரவுசர் நிறுவனங்களும் சேர்ந்த தரக்குழுவில் வருடக்கணக்காக இழுபறி. இருவருமே இறங்கி வரவில்லை.

அடுத்த கூட்டம் தங்கை இருந்த ஊரில் நடந்ததால் கட்டம் அவள் வீட்டிலேயே தங்கினாள். தங்கை கடைகளுக்கு இணையப் பக்கம் செய்துதருபவள். சாப்பாட்டு மேசைதான் அவளுக்கு அலுவலகம். பிரவுசருக்கு ஒன்றாக எல்லாவற்றையும் இரண்டு தரம் எழுதவேண்டியிருக்கிறது என்று அலுத்துக்கொண்டாள்.

“உங்க ரெண்டு பேர் சண்டையில நான்தான்க்கா நடுவுல மாட்டிக்கிட்டு முழிக்கிறேன்.”

அக்காவுக்குச் சுருக்கென்றது. இருந்தாலும், ஓட்டை கண்டுபிடிக்கும் எண்ணத்தோடுதான் தங்கையின் பூக்கடைப் பக்கத்தை நெட்டையின் விதிப்படி எழுதிப் பார்த்தாள். ஓட்டை கிடைத்தது: போன் திரையில் நீளமான பூப்பெயர்கள் பக்கத்துக் கட்டத்தின் மேல் ஏறின. மற்றபடி, தன் விதிப்படி எழுதினால் ஆகும் வரிகளில் பாதியிலேயே வேலை முடிந்திருந்தது. இன்னொரு தரம் பார்த்தாள். அப்படித்தான் இருந்தது.

மறுநாள் கூட்டத்தில் அந்த ஓட்டையைத் திரையில் காட்டினாள். நெட்டையின் முகம் வாடியது. இன்றைக்கும் அவ்வளவுதான் என்று குழுத்தலைவி பேனாவை மூடிவிட்டார். அவள் உட்காரவில்லை. தன் விதியில், திரையில் ஒரு கட்டம் எவ்வளவு வரை சுருங்கலாம் என்று சொல்லும் பகுதியை எடுத்து, நெட்டையின் விதியோடு சேர்த்துக் காட்டினாள். பெயர்கள் மடங்கி, அதனதன் கட்டத்தில் உட்கார்ந்தன.

“இதை மட்டும் சேர்த்துக்குங்க. என்னோடத நான் வாபஸ் வாங்கிக்கறேன்.”

நெட்டை அந்த வரிகளைக் குறித்துக்கொண்டார். பிறகு, “உங்க ஆபீஸ்ல என்ன சொல்வாங்க?” என்றார்.

“திட்டுவாங்க.”

திட்டினார்கள். மேலாளர் சில நாள் முகம் கொடுத்தே பேசவில்லை. அப்புறம், பொது விதி வந்தால் நமக்கும் வேலை மிச்சம்தானே என்று அவரே ஊருக்கெல்லாம் சொல்லத் தொடங்கினார். பழைய வரிகளைக் கட்டம் தன் கையாலேயே அழித்தாள். அன்றைக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

எல்லா பிரவுசரிலும் புது விதி வந்த பிறகு தங்கை போன் செய்தாள். புத்தகக் கடை ஒன்றின் பக்கத்தை ஒரே தரம்தான் எழுதினாளாம்; எல்லாத் திரையிலும் சரியாக வந்துவிட்டதாம்.

“உங்க நெட்டை கெட்டிக்காரர்தான்க்கா.”

“ஆமா, கெட்டிக்காரர்தான்” என்றாள் அக்கா. அதைச் சொல்ல அவளுக்குக் கஷ்டமாக இல்லை.