எதிர்க்கரைச் சாட்சி

சமாதான நாள் என்று பேர் மட்டும் பெரிசு. இங்கிலாந்து, ஸ்காட்லாந்து இரண்டு நாட்டு எல்லையையும் காக்க ராஜாக்கள் வைத்த துரைகள் ஆளுக்கொரு படையோடு ஆற்றங்கரைப் புல்வெளிக்கு வந்து, கட்டிப்பிடித்துக்கொண்டு, யார் யாருடைய மாட்டை ஓட்டினார்கள், யார் யாருடைய வீட்டுக்குத் தீ வைத்தார்கள் என்று பஞ்சாயத்து பேசுகிற நாள் அது. மறுநாள் பொழுது விடிகிறவரை ஒருத்தர்மேல் ஒருத்தர் கை வைக்கக் கூடாது. அதனால் பீர் விற்கிறவனும் ரிப்பன் விற்கிறவனும் கடை போட்டிருந்தார்கள். ஒரு பக்கம் பந்து உதைத்துக்கொண்டிருந்தார்கள். அப்பனைக் கொன்றவனும் செத்தவனின் மகனும் ஒரே பீப்பாயில் பீர் வாங்கிக் குடித்தார்கள். எலிசன் இங்கிலாந்து ஆட்களோடு நின்றுகொண்டிருந்தாள்.

அவள் பிறந்தது ஸ்காட்லாந்துக் கரை, வாக்கப்பட்டது இங்கிலாந்துக் கரை. நடுவில் ஓடுவது முழங்கால் அளவு தண்ணீர். துரையின் அனுமதி இல்லாமல் அந்தத் தண்ணீரைத் தாண்டிப் பெண் கொடுத்தால் தூக்கு என்று சட்டம். அவள் அப்பா நினியன் அனுமதி கினுமதி ஒன்றும் கேட்கவில்லை. மகள் ஆசைப்பட்டாள், கொடுத்தார். இத்தனைக்கும் அவர் தாய் வயிற்றில் இருக்கும்போதே அவருடைய அப்பாவை ஃப்ளாடன் மலைச்சரிவில் நடந்த போரில் இங்கிலீஷ்காரர்கள் வெட்டிச் சாய்த்திருந்தார்கள். அதே சரிவில், அதே நாளில்தான் மாப்பிள்ளை மார்ட்டினின் தாத்தாவும் ஸ்காட்லாந்து ஈட்டிக்குப் பலியானார். ராஜாக்கள் தலைமுறை தலைமுறையாகப் போட்ட சண்டையில், அந்தப் பக்கம் இழவு விழாத வீடு ஒன்றைக் காட்டுங்கள் பார்ப்போம். ராஜாக்களுக்கு அலுத்துப்போனால் எங்கோ உட்கார்ந்து சமாதானத்துக்கு முத்திரை குத்திவிடுவார்கள். ஆற்றங்கரையில் இருப்பவனுக்குச் சண்டையை நிறுத்தத் தெரியாது. யாரும் அவனுக்கு வேறு பிழைப்பு விட்டுவைக்கவும் இல்லை.

அறுப்பு முடிந்த சமயத்தில் மொட்டைவிரல் சிம் என்கிற ஸ்காட்லாந்துக்காரன் ஆட்களோடு ஆற்றைத் தாண்டி வந்தான். மார்ட்டினின் மாடுகளை ஒன்றுவிடாமல் ஓட்டினான். தடுக்கப்போன மார்ட்டினைத் தொழுவ வாசலிலேயே வெட்டிப்போட்டான். எலிசன் கண்ணெதிரில் நடந்தது. ஆனால் அவள் பார்த்தது செல்லாது. ஸ்காட்லாந்துக்காரன்மேல் குற்றம் நிற்க வேண்டுமென்றால் ஒரு ஸ்காட்லாந்துக்காரனே சத்தியம் செய்து சொல்ல வேண்டும் என்பது எல்லைச் சட்டம். இங்கிலாந்துப் பக்கம் ஊரே பார்த்திருந்தாலும் பிரயோஜனமில்லை.

அப்படிச் சொல்லக்கூடிய ஆள் ஒருவர்தான் இருந்தார். சிம்முக்கு நினியன் பக்கத்துப் பண்ணைக்காரர். ஓட்டிய மாடுகளோடு திரும்பும்போது சிம் அவர் வீட்டு முற்றத்தில் நின்று, தண்ணீர்த் தொட்டியில் கத்தியைக் கழுவிக்கொண்டே, உன் மருமகன் நல்லாத்தான் எதிர்த்து நின்னான் பெருசு என்று சொல்லிவிட்டுப் போயிருந்தான். அத்தனை திமிர்.

எலிசன் ஆற்றைத் தாண்டிப் போய் அப்பாவின் காலடியில் உட்கார்ந்தாள். அவர் அடுப்பில் ஒரு விறகைத் தள்ளினார். அம்மா படுத்த படுக்கையாக உள்ளே கிடந்தாள்.

"நான் வாயத் திறந்தா இந்தக் கூரை நிக்காதும்மா."

"ரெண்டு புள்ளைங்களும் பாலுக்கு அழுவுதுப்பா. மாடு திரும்பி வந்தாப் போதும் எனக்கு."

அது பாதிப் பொய். சிம் கயிற்றில் தொங்குவதைப் பார்க்காமல் அவளுக்குச் சோறு இறங்காது. அப்பாவுக்கும் அது தெரிந்திருக்கும். இருந்தும் சமாதான நாளன்று, இருப்பதிலேயே நல்ல கோட்டைப் போட்டுக்கொண்டு, கையுறை மாட்டிக்கொண்டு வந்து நின்றார்.

மார்ட்டினின் பெயரைக் கூப்பிட்டதும் நினியன் முன்னால் போய் முழங்காலிட்டார். தான் பார்த்ததை, கேட்டதை, கடவுள்மேல் ஆணையாகச் சொன்னார். கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை. சிம் பல்லைக் குத்திக்கொண்டு நின்றான். எலிசனுக்கு நெஞ்சு நிமிர்ந்தது. செத்துப்போன புருஷனுக்கு நியாயம் கிடைத்துவிட்டது என்றே நினைத்துவிட்டாள், பாவி மகள்.

துரைகள் இரண்டு பேரும் தலையைச் சேர்த்துக் குசுகுசுவென்று பேசினார்கள். போன குளிர்காலத்தில் இங்கிலாந்துக்காரன் ஒருவன் ஸ்காட்லாந்துப் பக்கம் ஒரு மேய்ப்பனைக் கொன்றிருந்தான். அந்த வழக்கும் தீராமல் கிடந்தது. கொன்றவன் இங்கிலாந்துத் துரையின் அத்தை மகன். சிம்மோ ஸ்காட்லாந்துத் துரைக்கு ராத்திரி வேலைகளுக்கு வேண்டிய ஆள்.

"உன் பக்கம் ஒரு பொணம், என் பக்கம் ஒரு பொணம். சரிக்குச் சரியாப் போச்சு" என்றார் இங்கிலாந்துத் துரை. மற்றவர் தலையாட்டினார். இரண்டு வழக்கையும் ஒன்றாகத் தள்ளிவிட்டு அடுத்த பெயரைக் கூப்பிடச் சொன்னார்கள். நினியன் இன்னும் முழங்காலிலிருந்து எழுந்திருக்கவில்லை.

மாடு இல்லை, கயிறு இல்லை. அப்பா சொன்னது மட்டும் சொன்னதாக நின்றது. விடிந்ததும் சிம் எங்கே போவான் என்று அங்கே யாருக்கும் யாரும் சொல்ல வேண்டியதில்லை.

எலிசன் கொழுந்தன் கத்பர்ட்டிடம் ஓடினாள். அப்பா அம்மா இரண்டு பேரையும் இன்றைக்கே நம் வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போய்விடலாம் என்று கெஞ்சினாள். அவன் பீர்க் குவளையைக் கீழே வைக்கவில்லை.

"ஸ்காட்லாந்துக்காரனை வீட்டுக்குள்ள விடச் சொல்றீங்களா அண்ணி? அவனுங்க மொத்தமா நம்ம மேல வந்து விழுவானுங்க."

"உன் அண்ணனுக்காகத்தான் தம்பி அவரு சாட்சி சொன்னாரு."

"நானா கேட்டேன்? நீங்க கேட்டீங்க, அவரு சொன்னாரு."

எலிசனுக்கு அவன் முகத்தில் காறித் துப்ப வேண்டும்போல இருந்தது. அதற்கும் நேரமில்லை. மிச்சம் இருந்தது ஒரே ஒரு கதவு. புருஷனை வெட்டியவனிடம் போய்க் கை கூப்பினாள்.

சிம் கோபப்படவில்லை. சந்தையில் விலை பேசுகிறவன் மாதிரி நிதானமாகப் பேசினான்.

"உங்கப்பன வெட்டுறதுல எனக்கு ஒண்ணும் ஆசை இல்ல. ஆனா அந்தாளு பண்ண சத்தியம் நிக்குதே. நாளைக்கே துரைங்களுக்குள்ள சண்டை வந்தா, அதைத் தூக்கிக்கிட்டு என் கழுத்துக்கு வருவானுங்க. நீ போயி எல்லார் முன்னாடியும் சொல்லு. உன் புருஷன் குதிரைல இருந்து விழுந்து செத்தான், நீ அழுதேன்னு உங்கப்பன் பொய்ச் சத்தியம் பண்ணான்னு சொல்லு. பொய்யன நான் எதுக்கு வெட்டணும்? அந்த வீட்டுப் பக்கமே தலை வச்சிப் படுக்க மாட்டேன்."

"உன் பேச்ச எப்படி நம்புறது?"

"நான் சொன்ன சொல்லு மாறுனதா யாரையாவது சொல்லச் சொல்லு."

உண்மைதான். மாடு ஓட்டுவான், ஆளை வெட்டுவான், கொடுத்த வாக்கை மட்டும் மீற மாட்டான். எல்லையில் ராஜா, சட்டம், கோட்டை எதுவும் நிலையில்லை. சொன்ன சொல் ஒன்றுதான் அங்கே மனுஷனுக்குச் சொத்து. அது போனவனோடு ஒருத்தனும் சேர்ந்து குதிரை ஏற மாட்டான், பெண் எடுக்க மாட்டான், ஒரு ஆட்டைக்கூட விலை பேச மாட்டான். அப்பாவின் உயிரைக் கேட்டால், அதற்கு விலையாக அவன் அவருடைய அந்தச் சொத்தைக் கேட்கிறான் என்று எலிசனுக்குப் புரியாமல் இல்லை. தூரத்தில் அப்பா தன் கிழட்டுக் குதிரையின் கழுத்தைத் தடவிக்கொண்டு, தனியாக நின்றுகொண்டிருந்தார். வந்ததிலிருந்து அவருடைய ஆட்களில் ஒருத்தர்கூட அவர் அருகில் வரவில்லை.

அவள் துரைகள் முன்னால் போய் நின்றாள். எல்லாருக்கும் கேட்கிற மாதிரி சொன்னாள். என் புருஷன் குதிரையிலிருந்து விழுந்துதான் செத்தான். சிம் அங்கே வரவே இல்லை. நான்தான் அப்பாவை அழுது புரண்டு பொய்ச் சத்தியம் செய்ய வைத்தேன். சொல்லும்போது அப்பா இருந்த பக்கம் அவள் திரும்பவில்லை.

துரைகள் சிரித்தார்கள். ஸ்காட்லாந்துக்காரன் சத்தியத்தின் லட்சணம் இதுதான் என்று இங்கிலாந்துத் துரை சொல்ல, ஸ்காட்லாந்துத் துரைக்கு முகம் சிவந்தது. வாக்குத் தவறியவனுக்கு அங்கே கையுறையை வைத்துச் செய்கிற ஒரு மரியாதை உண்டு. சிம் நேராகப் போய் நினியனின் வலது கையுறையைப் பிடுங்கினான். ஈட்டி முனையில் குத்தி உயர்த்திக்கொண்டு, இது பொய்யன் நினியனின் கை, எல்லாரும் பாத்துக்குங்க என்று கத்தியபடி புல்வெளியைச் சுற்றிக் குதிரையை விட்டான். பந்து உதைத்தவர்கள் விளையாட்டை நிறுத்திவிட்டு ஊளையிட்டார்கள். இங்கிலாந்து ஆட்களும் ஸ்காட்லாந்து ஆட்களும் அன்றைக்குச் சேர்ந்து சிரித்தது அந்த ஒரு தடவைதான். கத்பர்ட்டும் சிரித்தான்.

எல்லாம் அடங்கியபின் எலிசன் அப்பாவிடம் போனாள். உங்களைக் காப்பாற்றத்தான் அப்பா என்று சொல்லத்தான் போனாள். ஆனால் சிம்மின் ஆட்கள் கைக்கெட்டும் தூரத்தில் நின்று காதைத் தீட்டிக்கொண்டிருந்தார்கள். நினியன் சேணத்தில் ஏறி உட்கார்ந்து, ஒரு கையில் கையுறையோடும் ஒரு கை வெறுமையாகவும் கடிவாளத்தைப் பிடித்தார். அவர் குரலில் கோபமே இல்லை. தெரியாத ஊரில் வழி கேட்கிறவர் மாதிரிக் கேட்டார்.

"மார்ட்டின யாரும்மா வெட்டுனா?"

எலிசன் சிம்மின் ஆட்களைப் பார்த்தாள். பிறகு குதிரையின் கால்களைப் பார்த்தாள்.

"குதிரைல இருந்து விழுந்தாருப்பா" என்றாள்.

நினியன் சரி என்பதுபோலத் தலையை அசைத்துவிட்டு ஆற்றில் இறங்கினார். அதற்குப் பிறகு அவர் வெகுகாலம் உயிரோடிருந்தார்.