மிதிபடாத பாதி

1
இந்தக் கதை ஒரு தவறிலிருந்து பிறந்தது. தவறு என்னுடையது. சொந்தப் பெயரில் எழுத மூன்று முறை உட்கார்ந்தேன். "என் கணவர் போய் நாற்பது நாள்" என்பதைத் தாண்டிப் பேனா நகரவில்லை. ஆகவே கலைமதி என்று ஒருத்தியை உண்டாக்கி, தவறை அவளிடம் கொடுத்துவிட்டேன். (தன் துக்கத்தை இன்னொருவர் மேல் ஏற்றிவைத்துப் பார்ப்பது மனத்தின் பழைய வழக்கம் என்கிறது நான் படிக்கும் உளப்பகுப்பாய்வுப் புத்தகம். மறுக்கவில்லை.)

2
மரக்காணம் உப்பளத்தில் தை பிறந்ததும், உப்பு விளையும் பாத்திகளைக் காலால் மிதித்து இறுக்குவார்கள். களிமண் தரை இறுகாவிட்டால் உப்பு சேறு கலந்து கறுக்கும். கலைமதியும் அவள் கணவன் காசிலிங்கமும் பதினேழு வருஷம் சேர்ந்து மிதித்தார்கள். கடல் பக்கம் அவன், ரோட்டுப் பக்கம் அவள். (என் கணவரை 'அவன்' என்று சொல்லக் கதையில்தான் முடிகிறது.) இந்த வருஷம் அவள் தனி.

அவள் கண்ணீரும் உப்பாய்...

(வேண்டாம். உப்பளத்துக்காரி யாரும் இப்படி எழுதமாட்டாள்.)

நான்காம் நாள், பக்கத்துப் பாத்தி சின்னப்பாப்பா வரப்பில் வந்து நின்றாள்.

"இன்னாடி, பாதிதான் மிதிச்சிருக்கே? அந்தாண்ட பக்கத்துக்கு யாரு வருவா, கலெக்டரா?"

கலைமதி திரும்பிப் பார்த்தாள். எல்லாப் பாத்தியிலும் கடல் பக்கம் தொளதொளவென்று கிடந்தது. கால் அந்தப் பக்கம் போகவே இல்லை. அவளுக்கே அது தெரியவில்லை.

"ஓனரு வெள்ளிக்கிழமை வர்றாரு. ஒண்டிப் பொம்பளைக்கு எதுக்குப் பாத்தின்னு ஏற்கெனவே கேட்டுட்டாரு. இதப் பாத்தா வேற ஆளப் போட்டுடுவாரு."

3
இங்கே நிறுத்துகிறேன். இப்படிப்பட்ட தவறு தவறே அல்ல, அடியில் கிடக்கும் ஆசை என்பது கோட்பாடு. அதாவது, கலைமதி சாவை ஒப்புக்கொள்ளவில்லை. அவனுக்கு இடம் விட்டிருக்கிறாள். ஊர் பதினாறாம் நாள் கருமாதியோடு துக்கத்தை முடித்துவிடும். கோட்பாடு அவ்வளவு அவசரப்படாது. பிரியத்தைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கழற்றுவது ஓர் உழைப்பு என்கிறது. உழைப்பு என்ற சொல் எனக்குப் பிடித்தது. ஆனால் மனம் மண்டைக்குள் மட்டும்தான் இருக்கிறதா? இரண்டு பேர் சேர்ந்து நடந்த நடையில் இல்லையா? தத்துவக்காரர்கள் நிதானமாகச் சண்டை போடட்டும். கலைமதிக்கு இரண்டே நாள்.

4
முடிவு ஒன்று: ஓனர் ஆதிமூலம் மனமிரங்குகிறார். (பொய். அவரை எனக்குத் தெரியும்.)

முடிவு இரண்டு: கலைமதி கடல் பக்கம் இறங்கினாள். முதல் அடியிலேயே கால் கணுக்கால்வரை புதைந்தது.

"நானும் வர்றேன், இரு" என்றாள் சின்னப்பாப்பா.

"வேணாங்க்கா. இது அவரு எடம். நானே மிதிக்கிறேன்."

அவளுடையது சின்ன எட்டு. அவனுடைய எட்டுக்குக் காலை அகட்டி வைத்தாள். புதன் முழுக்க, வியாழன் முழுக்க.

வெள்ளிக்கிழமை ஆதிமூலம் செருப்பைக் கழற்றிவிட்டு இறங்கி, குதிகாலால் இரண்டு பக்கமும் அழுத்திப் பார்த்தார்.

"யாரு கூட மிதிச்சா?"

"நான்தாங்க."

"ரெண்டாளு மிதி மாதிரி இருக்குது."

"ஆமாங்க" என்றாள் கலைமதி.

அவர் அடுத்த பாத்திக்குப் போனார். அவள் வாய்க்கால் மடையை வெட்டித் தண்ணீரைத் திறந்துவிட்டாள்.

5
அந்தப் பாதியை மிதித்தபோது அவனை அவள் விட்டுவிட்டாளா, சேர்த்துக்கொண்டாளா? புத்தகம் முதலாவதைச் சொல்லும். ஆதிமூலத்தின் குதிகால் வேறு சொல்கிறது. தீர்ப்பை நீங்கள் எழுதிக்கொள்ளுங்கள். பாத்தி என் கையில் இருக்கிறது, வெயில் நன்றாக அடிக்கிறது. நான் போகவேண்டும்.